பாட்டில்லாத மெட்டுகளின் ஊர்: ஹாம்பர்க்கில் நாலு நாள்

முதல் நாள் – புதன், ஜூன் 21, 2023

ஹனோவரில் காலை வண்டி பிடித்து, பத்து மணிக்கெல்லாம் ஹாம்பர்க்கில் இறங்கிவிட்டேன். நாலு நாள் விடுப்பு. அல்டோனாவில் நண்பன் வீட்டில் தங்கல். துறைமுகம், பழைய கிடங்குகள், குட்டி ரயில் கண்காட்சி என்று அவன் எனக்காகப் பெரிய பட்டியலே போட்டு வைத்திருந்தான். நான் வந்தது ஒரு இசையமைப்பாளருக்காக என்று சொன்னதும் பட்டியலை மடித்து வைத்துவிட்டு, "சரி, எங்கே போகணும் சொல்லு" என்றான்.

பெர்ட் கெம்ஃபர்ட். ஃபிராங்க் சினாட்ரா பாடிய 'ஸ்ட்ரேஞ்சர்ஸ் இன் த நைட்' இவருடைய மெட்டு. நாட் கிங் கோலின் 'எல்-ஓ-வி-இ', அல் மார்ட்டினோவின் 'ஸ்பானிஷ் ஐஸ்', வெய்ன் நியூட்டனின் 'டாங்கே ஷேன்' மூன்றும் இவர் போட்டவைதான். ஜெர்மனிக்கு வேலைக்கு வருவதற்கு முன்னால் பத்து வருஷம் நான் ஒரு மெல்லிசைக் குழுவில் பேஸ் கிட்டார் வாசித்தவன். கோயில் திருவிழா, கல்யாண வரவேற்பு போக, சனிக்கிழமை இரவுகளில் ஹோட்டலிலும் வாசிப்போம். அங்கே 'ஸ்ட்ரேஞ்சர்ஸ் இன் த நைட்' கேட்காத சனிக்கிழமை கிடையாது. எங்கள் கீபோர்டு அண்ணன் ஒரு நாள் இடைவேளையில் டீயை ஆற்றிக்கொண்டே, "இது அமெரிக்கப் பாட்டுன்னு நினைச்சுக்கிட்டிருக்கே. மெட்டு ஜெர்மன்காரர் போட்டதுடா தம்பி" என்றார். அன்றைக்குப் பிடித்த கிறுக்கு இது.

தேதி தானாகவே அமைந்தது. 1980-இல் இதே ஜூன் 21-இல்தான் மயோர்கா தீவில் பக்கவாதம் வந்து அவர் இறந்தார். வயது 56. அவர் பிறந்தது 1923 அக்டோபர் 16. ஆக, இந்த வருஷம் அவருக்கு நூற்றாண்டு.

அவர் பிறந்த பேட்டை பார்ம்பெக். எஸ்-1 வண்டியில் போய் இறங்கி, ஸ்டேஷனை விட்டு வெளியே வந்து ரெண்டு நிமிஷம் நடந்தால் உழைப்பு அருங்காட்சியகம் வந்துவிடுகிறது. அதன் முன்னால் இருக்கும் திடலுக்குத்தான் 'பெர்ட் கெம்ஃபர்ட் பிளாட்ஸ்' என்று அவர் பெயரை வைத்திருக்கிறார்கள். பெயர்ப் பலகையைத் தொட்டுப் பார்த்தேன். பக்கத்தில் சைக்கிளைப் பூட்டிக்கொண்டிருந்த அம்மா என்னைப் பார்த்து "மொய்ன்" என்று தலையாட்டிவிட்டுப் போனார். இந்த ஊரில் காலை, மதியம், ராத்திரி எல்லாவற்றுக்கும் இந்த ஒரே வணக்கம்தான்.

வளாகத்தில் எல்பே ஆற்றுக்கு அடியில் சுரங்கம் தோண்டிய இயந்திரத்தின் வெட்டுச் சக்கரம் நிற்கிறது. விட்டம் 14 மீட்டருக்கு மேல். அருங்காட்சியகம் இருப்பதோ பழைய ரப்பர் தொழிற்சாலைக் கட்டடம். கெட்டி ரப்பரில் சீப்பு செய்த இடம். அந்தச் சீப்புகளைக் கண்ணாடிக்குப் பின்னால் பார்த்தபோது கொஞ்ச நேரம் அங்கேயே நின்றுவிட்டேன். கிளாரினெட், சாக்ஸபோன் வாசிப்பவர்கள் வாயில் வைக்கும் ஊதுமுனையும் பெரும்பாலும் இதே கெட்டி ரப்பர்தான். இந்தப் பேட்டையில் பிறந்த பையன் பியானோவோடு கிளாரினெட், சாக்ஸபோன், அக்கார்டியன் எல்லாம் கற்றுக்கொண்டான். ஆறு வயதில் அவனைக் கார் இடித்து, நஷ்டஈடாக வந்த பணத்தில் அம்மா பியானோ வாங்கிக் கொடுத்தார் என்பது அவர் வரலாற்றில் எல்லோரும் சொல்லும் கதை. தொழிலாளர் பேட்டை வீட்டில் அந்தப் பணத்துக்கு வேறு எத்தனை செலவு காத்திருந்திருக்கும்! அந்தத் தாயை நினைத்துக் கும்பிடத் தோன்றியது.

அப்புறம் போர் வந்தது. கடற்படை இசைக்குழுவில் சேர்ந்தார், டென்மார்க்கில் போர்க் கைதியானார். முகாமுக்குள்ளேயே ஒரு இசைக்குழு கட்டினார். விடுதலையாகி வந்த பிறகு அமெரிக்க அதிகாரிகளின் கிளப்புகளில் வாசித்தார். அவர் இல்லாத நேரத்தில், 1943 ஜூலை குண்டுவீச்சில் பார்ம்பெக் கிட்டத்தட்டத் தரைமட்டமாகியிருந்தது. இன்று நான் நடந்த தெருக்களில் வரிசையாக நிற்கும் செங்கல் வீடுகளில் எது பழசு, எது திரும்பக் கட்டியது என்று என் கண்ணுக்குப் பிரித்துப் பார்க்கத் தெரியவில்லை.

கால்வாய் ஓரம் உட்கார்ந்து லவங்கப்பட்டை மணக்கும் ஃபிரான்ஸ் ப்ரோட்ஷன் ஒன்று தின்றுவிட்டுத் திரும்பினேன். ராத்திரி பத்து மணிக்கும் வெளிச்சம் போகவில்லை.

இரண்டாம் நாள் – வியாழன், ஜூன் 22

இன்றைய நாளுக்காகத்தான் விடுப்பே போட்டேன். 1961 ஜூன் 22-ஆம் தேதியும் ஒரு வியாழக்கிழமை. அன்றைக்கு ஹாம்பர்க்கின் தென்கோடி, ஹார்புர்க் பக்கம், பள்ளிக்கூடத்தோடு சேர்ந்த ஒரு அரங்கில் கெம்ஃபர்ட் ஒலிப்பதிவு வைத்திருந்தார். பாடகர் டோனி ஷெரிடன். பின்னால் வாசித்தது லிவர்பூலிலிருந்து வந்திருந்த நாலு பையன்கள்: ஜான் லெனன், பால் மெக்கார்ட்னி, ஜார்ஜ் ஹாரிசன், பீட் பெஸ்ட். ஆமாம், பீட்டில்ஸ். உலகத்துக்கு அவர்கள் யாரென்றே தெரியாத காலம். பின்னால் டிரம்ஸுக்கு வந்த ரிங்கோ இன்னும் சேரவில்லை.

எஸ்-3 வண்டி வடக்கு எல்பேயைக் கடந்து, வில்ஹெல்ம்ஸ்புர்க் தீவைக் கடந்து, தெற்கு எல்பேயையும் தாண்டிப் போகிறது. வானம் மூடிக் கிடந்தது. ஹார்புர்க்கில் வண்டி தரைக்கு அடியில் நுழைந்துகொள்கிறது. ஹைம்ஃபெல்டில் இறங்கி மேலே வந்தால் மரங்கள் அடர்ந்த அமைதியான தெருக்கள். ஃபிரீட்ரிஷ் ஏபெர்ட் ஹாலே என்று விசாரித்துக்கொண்டே நடந்தேன். செங்கல் கட்டடம். பள்ளி நடந்துகொண்டிருந்தது, பிள்ளைகள் முதுகுப்பையோடு கூட்டமாக வெளியே வந்தார்கள். பள்ளி வளாகம் என்பதால் உள்ளே விடச் சொல்லிக் கேட்கவில்லை. எதிர்ச் சாரியில் நின்று, காதில் ஹெட்ஃபோனை மாட்டிக்கொண்டு, அந்தச் சுவர்களுக்குள் பதிவான 'மை பானி'யை அந்தச் சுவர்களைப் பார்த்துக்கொண்டே கேட்டேன்.

மெதுவாக ஒரு தாலாட்டு போலத் தொடங்கி, சட்டென்று கியர் மாற்றி ஓடும் பாட்டு அது. நான் கேட்டது பேஸ் கிட்டாரை. மெக்கார்ட்னி பேஸுக்கு மாறிக் கொஞ்ச நாள்தான் ஆகியிருந்தது. இரண்டாவது தடவை ஓடவிட்டபோது கீழே கையை ஆட்டித் தாளம் போட்டுக்கொண்டிருந்திருக்கிறேன் போலிருக்கிறது. கடந்து போன ரெண்டு பிள்ளைகள் நின்று பார்த்துவிட்டுச் சிரித்துக்கொண்டே போனார்கள்.

கெம்ஃபர்ட்டுக்கு அன்று வயது 37. அந்த ஜனவரியில்தான் 'வுண்டர்லாண்ட் பை நாஹ்ட்' என்ற அவருடைய ஒலித்தட்டு அமெரிக்கப் பட்டியலில் மூன்று வாரம் முதலிடத்தில் இருந்தது. மெட்டு கிளாவுஸ் கூன்டர் நாய்மன் என்பவருடையது. வாத்தியங்களைக் கோத்து, சார்லி டாபர் என்ற கலைஞரின் டிரம்பெட்டை நடுவில் வைத்து, அந்த ஒலியை உண்டாக்கியவர் கெம்ஃபர்ட். அதை அமெரிக்காவில் வெளியே கொண்டுவந்தவர் டெக்கா நிறுவனத்தின் மில்ட் கேப்ளர். அதே வருஷம் ஆகஸ்டில் 'வுட்டன் ஹார்ட்' என்ற பாட்டு ஜோ டவல் பாடி அங்கே முதலிடம் பிடித்தது. பழைய ஜெர்மன் நாட்டுப்பாட்டு ஒன்றை எல்விஸ் பிரெஸ்லி படத்துக்காக மாற்றியமைத்தது அது. மாற்றியமைத்தவர்களில் கெம்ஃபர்ட்டும் ஒருவர். இப்படி ஒரே வருஷத்தில் கடல் தாண்டி ரெண்டு முதலிடம் கண்ட மனிதர், ஹாம்பர்க்கின் கேளிக்கைத் தெருவான ரீப்பர்பானில் ஒரு கிளப்பில் ராத்திரி ராத்திரி வாசித்துக்கொண்டிருந்த பையன்களைக் கூட்டிவந்து மைக் முன்னால் நிறுத்தினார். அதற்கு ஒரு காது வேண்டும். அவருக்கு அது இருந்தது.

ஆனால் அவர்கள் எவ்வளவு பெரிதாக வருவார்கள் என்பதை அவர் கணிக்கவில்லை. இதை வைத்து அவரைக் குறைத்துப் பேசுகிறவர்கள் உண்டு. எனக்கு அதில் உடன்பாடில்லை. 1962 தொடக்கத்தில் பீட்டில்ஸின் புது மேலாளர், லிவர்பூலில் ஒலித்தட்டுக் கடை நடத்திய பிரையன் எப்ஸ்டீன் கடிதம் எழுதி, பையன்களை ஒப்பந்தத்திலிருந்து விடுவிக்க முடியுமா என்று கேட்டார். கெம்ஃபர்ட் பணம் எதுவும் கேட்காமல் விட்டுவிட்டார். இந்தத் தொழிலில் நான் பார்த்தவரை, கையெழுத்து வாங்கிய காகிதத்தை யாரும் சும்மா திருப்பிக் கொடுக்க மாட்டார்கள். எப்ஸ்டீனின் கடைக்கு இந்தப் பையன்களின் பெயரைக் கொண்டுபோனதும், ஹார்புர்க்கில் பதிவான அதே 'மை பானி'யைத் தேடி வந்த வாடிக்கையாளர்தான் என்று சொல்வார்கள்.

மழை தூற ஆரம்பித்தது. ஸ்டேஷனுக்கு ஓடிவிட்டேன்.

மூன்றாம் நாள் – வெள்ளி, ஜூன் 23

பகலில் ரீப்பர்பான். இரவில் இது வேறு ஊர் என்று நண்பன் சொன்னான். எனக்குப் பகலே போதும். 'பீட்டில்ஸ் பிளாட்ஸ்' என்று ஒலித்தட்டு மாதிரி வட்டமாகத் தரை போட்டு, உருவங்களை எஃகு விளிம்பாக மட்டும் வெட்டி நிறுத்தியிருக்கிறார்கள். டிரம்ஸ்காரர் பீட் பெஸ்டா, ரிங்கோவா என்று பிரிக்காமல் இருவருக்குமாக ஒரே உருவம். குரோஸே ஃபிரைஹைட் தெருவில் அவர்கள் வாசித்த இந்திரா, கைசர்கெல்லர் கிளப்புகள், எரிந்துபோன ஸ்டார் கிளப் இருந்த இடத்தின் கல்வெட்டு எல்லாவற்றையும் அரை மணி நேரத்தில் பார்த்து முடித்தேன். டாப் டென் கிளப் இருந்த கட்டடத்துக்கு எதிரில்தான் கொஞ்சம் நின்றேன். 1961 வசந்தத்திலிருந்து அவர்கள் ஷெரிடனோடு வாசித்தது அங்கேதான்.

அப்புறம் லாண்டுங்ஸ்ப்ரூக்கன் படகுத்துறைக்கு இறங்கி, 62-ஆம் நம்பர் படகில் ஏறினேன். மேல்தளத்தில் காற்று முகத்தில் அறைந்தது. பாட்டுப்பெட்டியில் 'பெடி பை'யைப் போட்டேன்.

இதைப் பற்றி விரிவாகவே சொல்ல வேண்டும். நம் ஊரில் இசையமைப்பாளர் மெட்டைச் சொல்லும்போது தன்னனா, தானனா என்று தத்தகாரத்தில் பாடிக் காட்டுவார். கவிஞர் அந்த அளவுக்குள் வார்த்தையை உட்கார வைப்பார். மெட்டுக்குப் பாட்டு. கெம்ஃபர்ட்டின் தொழில் வாழ்க்கை முழுக்க இப்படித்தான் நடந்தது. ஆனால் அவருடைய தத்தகாரம் காகிதத்தோடு நிற்கவில்லை. முழு வாத்தியக் குழுவோடு ஒலித்தட்டாகவே வெளியே வந்து, ஊர் ஊராகப் போய், தனக்கான வார்த்தைக்குக் காத்திருந்தது. 'கேண்டில்லைட் கஃபே' என்று முதலில் வந்த வாத்திய இசைதான் பின்னால் 'டாங்கே ஷேன்' ஆனது. 'மூன் ஓவர் நேபிள்ஸ்', நேபிள்ஸை விட்டு ஸ்பெயினுக்குப் போய் 'ஸ்பானிஷ் ஐஸ்' ஆனது. 1966-இல் வந்த ஒரு ஹாலிவுட் படத்தின் பின்னணி இசையில் இருந்த துண்டுதான் 'பெடி பை'. அதற்கு சார்ல்ஸ் சிங்கிள்டனும் எடி ஸ்னைடரும் வார்த்தை எழுதினார்கள். அப்படித்தான் அது 'ஸ்ட்ரேஞ்சர்ஸ் இன் த நைட்' ஆனது. சினாட்ரா அதை ஏப்ரல் 11-ஆம் தேதி பாடினார். 'எல்-ஓ-வி-இ'க்கு எழுதியவர் அதே மில்ட் கேப்ளர். ஒலித்தட்டு விற்க வந்தவர் கவிஞராகவும் ஆகிவிட்டார்.

படகில் உட்கார்ந்து 'பெடி பை'யையும் சினாட்ராவையும் மாற்றி மாற்றிக் கேட்டேன். மெட்டின் அடிகளைக் கவனியுங்கள். மூச்சு விட இடம் தாராளம். எந்த மொழிக்காரர் வந்தாலும் உட்காரலாம் என்று நாற்காலி போட்டு வைத்த மாதிரி இருக்கிறது. கடைசியில் பாருங்கள், சினாட்ரா வார்த்தையெல்லாம் தீர்ந்துபோய் 'டூ பி டூ பி டூ' என்று இழுக்கிறாரே, அது என்ன? சுத்தமான தத்தகாரம். கவிஞர்கள் கொடுத்ததை எல்லாம் பாடி முடித்துவிட்டு, மெட்டை அது பிறந்த நிலைக்கே திருப்பி அனுப்புகிறார். பத்து வருஷம் அந்தப் பாட்டுக்கு பேஸ் வாசித்தவனுக்கு இது நேற்றுவரை தோன்றியதில்லை. இந்தப் பாட்டை அவருக்கே பிடிக்காது என்பார்கள். பிடிக்காமல் பாடியதே இப்படி!

அதே 1966-இல் இன்னொரு விஷயமும் நடந்தது. ஜூன் 26-ஆம் தேதி பீட்டில்ஸ் திரும்ப ஹாம்பர்க் வந்தார்கள், இந்தத் தடவை உலகப் புகழோடு, எர்ன்ஸ்ட் மெர்க் ஹாலே அரங்கில் பாட. கெம்ஃபர்ட் அவர்களைப் பார்க்கப் போனபோது லெனன் 'ஸ்ட்ரேஞ்சர்ஸ் இன் த நைட்' பாடி அவரை வரவேற்றார் என்று ஒரு கதை உண்டு. கதை போகட்டும், பட்டியல் இருக்கிறது: அந்த வாரம் அமெரிக்காவில் முதலிடத்தில் இருந்தது பீட்டில்ஸின் 'பேப்பர்பேக் ரைட்டர்'. ஜூலை 2-ஆம் தேதி அதை இறக்கிவிட்டு ஏறியது கெம்ஃபர்ட்டின் மெட்டு. அடுத்த வாரம் பீட்டில்ஸ் திரும்ப ஏறிக்கொண்டார்கள். பணம் வாங்காமல் விட்டுக்கொடுத்த பையன்களோடு அவர் அந்த ஒரு வாரம் அப்படிச் சந்தித்தார் என்பதை நினைத்தால் எனக்கு இன்னும் சிலிர்க்கிறது.

ஃபின்கென்வெர்டர் போய்த் திரும்பியபோது கரையில் கண்டெய்னர் தூக்கிகளுக்குப் பின்னால் வெயில் வந்திருந்தது. மீன் வைத்த ரொட்டி சாப்பிட்டேன். வெங்காயம் கொஞ்சம் அதிகம்.

நான்காம் நாள் – சனி, ஜூன் 24

ஃபெல்ட்ஷ்ட்ராஸே பக்கம் பழைய மாட்டிறைச்சிக் கூடத்தைச் சுற்றி சனிக்கிழமைதோறும் பழஞ்சாமான் சந்தை. பித்தளை விளக்கு, கேமரா, ஓட்டை சூட்கேஸ், எல்லாவற்றுக்கும் நடுவில் ஒலித்தட்டுப் பெட்டிகள். இன்னொரு ஜெர்மன் வாத்தியக் குழுத் தலைவரான ஜேம்ஸ் லாஸ்ட் நிறையக் கிடைக்கிறார். நாலாவது பெட்டியில்தான் நான் தேடியது அகப்பட்டது: 'எ ஸ்விங்கின் சஃபாரி', பாலிடோர், 1962.

கடைக்காரர் எழுபது தாண்டியவர். தட்டை வெளியே எடுத்து, வெளிச்சத்தில் சாய்த்து, கீறல் இருக்கிறதா என்று எனக்கே காட்டினார். "எங்க அப்பா ஞாயிற்றுக்கிழமை காபி நேரத்துக்குப் போடுவார். எங்களுக்கெல்லாம் அப்போ பீட்டில்ஸ்தான் வேணும், இதைக் கேட்டாலே ஓடிவிடுவோம்" என்றார். "இப்போ?" என்று கேட்டேன். "இப்போ கேட்கிறேன்" என்று மட்டும் சொல்லிவிட்டு உறையைத் துணியால் துடைத்துக் கொடுத்தார். நாலு யூரோ. நான் பேஸ் வாசிப்பவன் என்றதும் முகம் மலர்ந்து, கட்டை விரலையும் ஆள்காட்டி விரலையும் சேர்த்துக் காற்றில் தட்டி, "க்னாக், க்னாக்" என்றார்.

அவர் சொன்னது க்னாக் பேஸ். கெம்ஃபர்ட் இசையைப் பத்து விநாடியில் அடையாளம் காட்டுவது அதுதான். வாசித்தவர் லாடி கைஸ்லர், பிராகில் பிறந்தவர், ஹாம்பர்க்கையே ஊராக்கிக்கொண்டவர். எலெக்ட்ரிக் பேஸின் தந்தியைப் பிளெக்ட்ரத்தால், அதாவது விரலில் பிடிக்கும் மீட்டு வில்லையால், அடித்த உடனே அதன் ஒலியை அடக்கிவிட வேண்டும். வலது உள்ளங்கையின் ஓரம், தந்திகளைத் தாங்கும் பிரிட்ஜை ஒட்டித் தந்தி மேல் படிந்திருக்கும். சுரம் நீளாது, 'டக்' என்று விறகு முறிகிற சத்தம் மட்டும் வரும். இது தனியாக வாசித்தால் வறண்டு போகும். அதனால் கூடவே பெரிய டபுள் பேஸ் அதே சுரங்களைக் கீழே வாசிக்கும். ஒன்று அடியைக் கொடுக்கிறது, இன்னொன்று உடம்பைக் கொடுக்கிறது. நாங்கள் மேடையில் ஒரே பேஸை வைத்துக்கொண்டு இந்தச் சத்தத்துக்கு எத்தனை பாடு பட்டிருக்கிறோம்! ரெண்டு பேர் வாசிக்கிறார்கள் என்பது தெரியாமலே போயிற்று.

சாயங்காலம் நண்பன் வீட்டில் தட்டை ஓடவிட்டோம். முதல் பாட்டிலேயே சின்னப் புல்லாங்குழல்கள் தெற்கு ஆப்பிரிக்காவின் க்வேலா பாணியில் துள்ளுகின்றன. தெருப் பையன்கள் தகரக் குழலில் வாசித்த இசை அது. இந்தத் தட்டில் ஆப்பிரிக்கக் கலைஞர்களின் மெட்டுகளும் உண்டு: 'தட் ஹேப்பி ஃபீலிங்' கானா நாட்டு கை வாரனுடையது, 'ஸ்கோக்கியான்' ஜிம்பாப்வேயின் ஆகஸ்ட் முசருர்வாவுடையது, 'விமொவே' சாலமன் லிண்டாவின் பாட்டிலிருந்து வந்தது. லிண்டா அந்த ஒரு மெட்டால் உலகமே சம்பாதித்தபோது ஏழையாகவே இறந்தார். ஒரு ஹாம்பர்க்காரரின் பெயரைத் தேடி வந்த நான் இந்தப் பெயர்களைச் சொல்லாமல் விட்டால் அது நியாயமாகாது.

கெம்ஃபர்ட் மேடைக்குக் கூச்சப்பட்ட மனிதர். ஸ்டூடியோதான் அவர் வீடு. லண்டன் ராயல் ஆல்பர்ட் ஹாலில் முதல் பெரிய மேடைக் கச்சேரி 1974 ஏப்ரலில்தான். அப்போது வயது ஐம்பது. பல மெட்டுகளை அவரோடு சேர்ந்து போட்ட ஹெர்பர்ட் ரேபைன் 1979-இல் போனார். மறு வருஷம் இவர். சாம்பலை ஃபுளோரிடாவின் எவர்கிளேட்ஸ் சதுப்பில் தூவினார்களாம். அதனால்தான் ஹாம்பர்க்கில் போய் நிற்க ஒரு கல்லறை கிடையாது.

நண்பனின் மகளுக்கு ஆறு வயது. தட்டு சுற்றுவதை மூக்கு உரச நின்று பார்த்துக்கொண்டிருந்தாள். முதல் பக்கம் பாதி ஓடியதும், "மாமா, இதில யாரும் பாட மாட்டாங்களா?" என்று கேட்டாள்.

"மாட்டாங்க கண்ணு. மெட்டு மட்டும்தான்."

கொஞ்ச நேரம் பேசாமல் இருந்தாள். அப்புறம் க்னாக் பேஸுக்குச் சரியாகக் குதிகாலைத் தட்டிக்கொண்டு ஆரம்பித்தாள்: "பூனை வந்துச்சு, மியாவ் மியாவ், மில்ஷ் குடிச்சுச்சு, மியாவ் மியாவ்." பாதி தமிழ், பாதி ஜெர்மன். ஒரு அட்சரம் கூட மெட்டை விட்டு வெளியே போகவில்லை. நண்பனும் அவன் மனைவியும் சமையலறையிலிருந்து எட்டிப் பார்த்தார்கள்.

பாட்டு முடிந்தது. "இன்னும் இருக்கு, பூனை வீட்டுக்குப் போகணும்" என்றாள். ஊசியைத் தூக்கி, அதே பாட்டின் தொடக்கத்தில் வைத்தேன்.